டி. ஸி. ஃபான்டானா யார்?

நீங்கள் ஒரு கார்ட்டூன் படத் தயாரிப்பாளர் என்று ஒரு நிமிஷம் வைத்துக்கொள்ளுங்கள். சனிக்கிழமை காலை. அமெரிக்கா முழுவதும் குழந்தைகள் பல் தேய்த்ததும் தேய்க்காததுமாக டெலிவிஷன் பெட்டியின் முன்னால் வந்து உட்கார்ந்துவிட்டார்கள். அம்மா அடுக்களையில் இருக்கிறாள். அப்பா இன்னும் எழுந்திருக்கவில்லை. அந்தக் குழந்தைகள் பார்க்கப் போகும் கதையில் ஏழு வயதுப் பையன் ஒருவன் வருகிறான். அவன் உயிருக்குயிராக நேசிக்கும் கிழட்டு மிருகம் ஒன்றும் வருகிறது. கதை முடிவதற்குள் அந்த மிருகத்தைச் சாகடிப்பீர்களா?

"ஐயையோ, வேண்டாம்! குழந்தைகள் அழுமே!" என்றுதானே சொல்வீர்கள்? என்.பி.சி. டெலிவிஷன் கம்பெனிக்காரர்களுக்கும் 1973-ஆம் வருஷத்தில் அதே கவலைதான். அந்தக் காலத்துச் சனிக்கிழமைக் கார்ட்டூன்களில் யாரும் சாவதில்லை. மலையிலிருந்து விழுந்தாலும் மறு நிமிஷம் தூசியைத் தட்டிக்கொண்டு எழுந்து விடுவார்கள். அப்படியிருக்க, இந்தக் கதையை எழுதியவர் மட்டும் பிடித்த பிடியை விடவில்லை. அந்த மிருகம் சாகத்தான் வேண்டும் என்றார். எழுதியவரே அந்தத் தொடரின் துணைத் தயாரிப்பாளரும் கதை இலாகாவுக்குப் பொறுப்பாளரும் ஆவார். பெயர், டி. ஸி. ஃபான்டானா.

பெயரைப் பார்த்து, கோட்டும் டையும் அணிந்த யாரோ ஒரு கனவான் என்று நினைத்தீர்களானால் உங்கள் மேல் குற்றமில்லை. அப்படி நினைக்க வேண்டும் என்பதற்காகவே வைத்துக்கொண்ட பெயர் அது. "டி" என்றால் டோரதி. "ஸி" என்றால் காதரின்.

டோரதி 1939-ஆம் வருஷம் மார்ச் மாதம் 25-ஆம் தேதி நியூ ஜெர்ஸி மாகாணத்தில் பிறந்தார். எழுத்தாளர் ஆகவேண்டும் என்ற ஆசை பதினோரு வயதிலேயே வந்துவிட்டது. ஆனால் ஆசையை நம்பி யாராவது வாடகை கொடுக்க முடியுமா? பெண்ணுக்கு ஒரு கைத்தொழில் வேண்டும் என்பதற்காகக் காலேஜில் காரியதரிசி வேலைக்குரிய படிப்பைப் படித்தார். டைப் அடிப்பது, கடிதப் போக்குவரத்து, பைல்களை ஒழுங்காக வைப்பது, இவையெல்லாம்தான். 1959-இல் படிப்பு முடிந்தது. நியூயார்க்கில் ஒரு டெலிவிஷன் படக் கம்பெனியில் சிறிது காலம் வேலை பார்த்துவிட்டு, மூட்டை முடிச்சுடன் லாஸ் ஏஞ்சல்ஸுக்குப் போய்ச் சேர்ந்தார். அங்கே ஒரு ஸ்டூடியோவில், வரிசையாக மேஜை போட்டு டைப் அடிக்கும் பெண்களில் அவரும் ஒருவர்.

அங்கிருந்துதான் ஸாமுவேல் பீப்பிள்ஸ் என்ற கதாசிரியரிடம் காரியதரிசியாகப் போனார். பீப்பிள்ஸ், குதிரையும் துப்பாக்கியுமாக வரும் மேற்குப் பிரதேசக் கதைகளில் கைதேர்ந்தவர். அவர் எழுதியதை இவர் டைப் அடிப்பார். நல்ல பாட்டு வாத்தியார் வீட்டில் குடியிருந்தால் சுவருக்கும் ஸ்வரஞானம் வரும் என்பார்களே, அப்படி, டைப் அடித்து அடித்தே காட்சியை எங்கே ஆரம்பிப்பது, எங்கே வெட்டுவது என்பதெல்லாம் டோரதிக்குப் பிடிபட்டுவிட்டது. ஒரு கதையைத் தாமே எழுதி பீப்பிள்ஸிடம் நீட்டினார். அவரும் அதை வாங்கிக்கொண்டார்! இது நடந்தது 1960-இல். டோரதிக்கு அப்போது வயது 21.

முதல் கதை சுலபமாக விற்றுவிட்டது. அடுத்தடுத்த கதைகள்தான் பாடாய்ப் படுத்தின. குதிரைக்காரர்களும் கொள்ளைக்காரர்களும் வரும் கதையை ஒரு பெண் எழுத முடியுமா என்று பல தயாரிப்பாளர்களுக்குச் சந்தேகம். மேல் பக்கத்தில் "டோரதி" என்று இருந்தால், உள்ளே புரட்டுவதற்கு முன்பே ஒரு முடிவுக்கு வந்துவிடுவார்கள். டோரதி சண்டை போடவில்லை. முதலெழுத்துக்கள் இரண்டை மட்டும் வைத்துக்கொண்டு, மீதிப் பெயரை மடித்து உள்ளே வைத்துவிட்டார். கதை கைக்குப் போகட்டும், படிக்கட்டும், பிடித்தால் வாங்கட்டும், ஆளைப் பிறகு பார்த்துக்கொள்ளட்டும் என்பது அவருடைய எண்ணம். நம் பக்கத்தில் ஆண் எழுத்தாளர்கள் பலர் பெண்டாட்டி பெயரில் எழுதியிருக்கிறார்கள். அங்கே நிலைமை தலைகீழ்!

எழுத்து ஒரு பக்கம் இருந்தாலும் மாதச் சம்பளத்தை அவர் விட்டுவிடவில்லை. 1963-இல், கடற்படைச் சிப்பாய்களைப் பற்றிய ஒரு தொடரின் அலுவலகத்தில் வேலைக்குச் சேர்ந்தார். அதன் தயாரிப்பாளர் ஜீன் ராடன்பெர்ரி. அவருடைய காரியதரிசி உடல் நலமின்றிப் போகவே, டோரதி அந்த நாற்காலிக்கு வந்தார். சில காலத்துக்குப் பிறகு ராடன்பெர்ரி, ஆகாயக் கப்பலில் நட்சத்திரம் நட்சத்திரமாகப் பிரயாணம் செய்யும் ஒரு கூட்டத்தைப் பற்றி ஒரு தொடருக்குத் திட்டம் போட்டார். "ஸ்டார் ட்ரெக்" என்று உலகம் முழுவதும் பெயர் எடுத்த தொடர் அதுதான். 1966-ஆம் வருஷம் செப்டம்பர் 8-ஆம் தேதி அது ஆரம்பமாயிற்று.

அந்தத் தொடரில் ஸ்பாக் என்று ஒரு பாத்திரம் உண்டு. கூரிய காது, மேல் நோக்கி வளைந்த புருவம். தகப்பனார் வல்கன் என்ற கிரகத்தைச் சேர்ந்தவர். தாயார் நம் பூமியைச் சேர்ந்தவர். வல்கன் ஜனங்கள் சிரிப்பதும் இல்லை, அழுவதும் இல்லை. எல்லாம் அறிவுக் கணக்குத்தான். பாதி மனிதனும் பாதி வல்கனுமான ஸ்பாக், தமக்குள் இருக்கும் பாதியை ஒளித்துவைத்துக்கொண்டே காலம் தள்ளுகிறார். இரண்டு எழுத்துக்களுக்குப் பின்னால் தம்மை ஒளித்துக்கொண்டிருந்த டோரதிக்கு இந்தப் பாத்திரத்தின் மேல் தனிப் பிரியம் ஏற்பட்டதில் ஆச்சரியம் என்ன? (இது என்னுடைய ஊகம். அம்மணி இப்படிச் சொன்னதாக எங்கும் படித்ததில்லை.)

ஒரு சமயம், வேறொருவர் எழுதிய கதை ஒன்று சரியாக அமையவில்லை. "இதைச் சீர்ப்படுத்திக் கொடுத்தால் கதை இலாகாப் பொறுப்பு உனக்கு" என்கிற பாவனையில் ராடன்பெர்ரி அதை டோரதியிடம் தள்ளினார். அதில் கப்பலில் உள்ள ஓர் அதிகாரிக்குக் காதல் வருகிறது. டோரதி செய்த முக்கியமான மாற்றம் இதுதான். காதல் அந்த அதிகாரிக்கு வரக்கூடாது, ஸ்பாக்குக்கு வரவேண்டும்! யாருக்கு வரவே கூடாதோ அவருக்கு வந்தால்தானே கதை? பொறுப்பு கிடைத்துவிட்டது. அப்போது அவருக்கு வயது 27. கதை இலாகாவின் தலைமையில் பெண்கள் இருப்பது அந்த நாளில் ஹாலிவுட்டில் அபூர்வம். அடுத்த வருஷம், ஸ்பாக்கின் தாய் தகப்பன் இருவரையும் கதையில் கொண்டுவந்தவரும் டோரதிதான். மகனிடம் பல வருஷங்களாகப் பேசாத தகப்பனார், இருவருக்கும் நடுவில் தவிக்கும் தாயார். ஆகாயத்தில் நடந்தாலும் அது நமக்குத் தெரிந்த வீடுதான். சின்ன வயதில் ஸ்பாக் ஒரு செல்லப் பிராணி வளர்த்தார் என்று தாயார் அதில் சொல்கிறாள். பெரிய கரடிபோல் இருக்கும், ஆறு அங்குலக் கோரைப்பல் இருக்கும். அந்தப் பிராணியைக் கொஞ்சம் ஞாபகத்தில் வைத்துக்கொள்ளுங்கள்.

1969-இல் ஸ்டார் ட்ரெக் தொடரை நிறுத்திவிட்டார்கள். ஆனால் ரசிகர்கள் விடுவதாக இல்லை. மறு ஒளிபரப்பில் அதற்கு முன்னைவிடக் கூட்டம் சேர்ந்தது. ஃபில்மேஷன் என்ற கார்ட்டூன் ஸ்தாபனம், அதைச் சித்திரத் தொடராக எடுக்கிறோம் என்று முன்வந்தது. குழந்தைகள் பார்ப்பதற்காக, கப்பலில் சிறுவர் பட்டாளம் ஒன்றைச் சேர்க்கலாம் என்ற யோசனைகளும் முன்பே வந்திருந்தன. ராடன்பெர்ரி தலையை ஆட்டவில்லை. பழைய கதை, பழைய மனிதர்கள், அதே கண்ணியம், இல்லாவிட்டால் வேண்டாம் என்றார். கடைசியில் அப்படியே முடிவாயிற்று. நடைமுறையில் அதைக் கட்டிக் காக்கும் வேலை, துணைத் தயாரிப்பாளர் டி. ஸி. ஃபான்டானாவின் தலையில் விழுந்தது.

கார்ட்டூன் என்றால் செலவு குறைவு என்று நாம் நினைக்கிறோம். கணக்குப் பாருங்கள். ஒரு கதை சுமார் 22 நிமிஷம் ஓடும். பிலிமில் ஒரு விநாடிக்கு 24 படங்கள். ஆக, ஒரு கதைக்கு 31,680 படங்கள்! ஒவ்வொரு சித்திரத்தையும் இரண்டு தடவை பிடித்தால்கூட 15,840 சித்திரங்கள் வேண்டும். கண்ணாடிபோன்ற செல்லுலாயிடு தகட்டில் உருவத்தின் கோடுகளைப் பதித்து, பின்பக்கத்தில் வர்ணம் பூசி, கீழே காட்சிப் படத்தை வைத்து ஒவ்வொன்றாகப் பிடிக்க வேண்டும். ஒரு கதைக்கு ஒதுக்கிய பணம் சுமார் 75,000 டாலர் என்பார்கள். அதிலேதான் நடிகர்களின் குரலுக்கும் சம்பளம். எனவே ஃபில்மேஷன்காரர்கள் சிக்கனத்தில் நம் வீட்டுப் பாட்டிமாரையும் தோற்கடித்தார்கள். காப்டன் கர்க் ஒரு தடவை தலையைத் திருப்பினால், அந்தச் சித்திரங்களைப் பத்திரப்படுத்தி, அடுத்த கதையிலும், அதற்கடுத்த கதையிலும் அதே தலையை அதே மாதிரி திருப்ப வைப்பார்கள். காலையில் மீந்த இட்லி மாலையில் உப்புமாவாக வருகிற வித்தைதான். உற்றுப் பார்க்கிறவர்களுக்குச் சித்திரங்கள் கொஞ்சம் விறைப்பாகவே தோன்றும். அதை மறைப்பதற்கில்லை.

குரல் விஷயத்தில் ஒரு தகராறு. பணம் போதாது என்று, சில நடிகர்களை விட்டுவிட்டு, அவர்களுடைய பாத்திரங்களுக்கு மற்றவர்களே குரல் கொடுக்கட்டும் என்று ஏற்பாடாகியிருந்தது. விடுபட்டவர்களில் கறுப்பு இன நடிகை நிஷெல் நிக்கல்ஸும், ஜப்பானிய வம்சத்தைச் சேர்ந்த ஜார்ஜ் டக்கேயும் இருந்தார்கள். பல இனத்தவரும் ஒரே கப்பலில் சமமாக வேலை செய்வதுதான் அந்தக் கதையின் பெருமையே. ஸ்பாக்காக நடித்த லியனார்ட் நிமாய், "அவர்கள் இல்லாவிட்டால் நானும் இல்லை" என்ற நிலையில் உறுதியாக நின்றார். இருவரையும் சேர்த்துக்கொண்டார்கள். இளம் நடிகர் வால்டர் கோனிக்குக்கு மட்டும் இடமில்லாமல் போயிற்று. ஆனால் அவர் எழுதிய கதை ஒன்றைத் தொடரில் சேர்த்துக்கொண்டார்கள்.

சித்திரத்தில் சௌகரியமும் உண்டு. மூன்று கை, மூன்று கால் உள்ள மாலுமி ஒருவர் வேண்டுமா? பூனை முகமுள்ள பெண் அதிகாரி வேண்டுமா? வேஷம் போடவும் வேண்டாம், செட் போடவும் வேண்டாம், பென்ஸில் போதும். சமுத்திரத்துக்கு அடியில் பட்டணம் வேண்டுமானாலும் அப்படியே. ஒரு கதையில், கப்பலில் உள்ள ஆண்களெல்லாம் மயக்கத்துக்கு ஆளாகிவிட, நிஷெல் நிக்கல்ஸ் குரல் கொடுத்த உஹூரா என்ற பெண் அதிகாரி கப்பலின் தலைமையை ஏற்று, பெண்களை அழைத்துப் போய் அவர்களை மீட்கிறாள். அதை எழுதியவர் மார்கரெட் ஆர்மன் என்ற எழுத்தாளர்.

டோரதிக்கு வேறொரு அதிர்ஷ்டமும் அடித்தது. 1973-இல் திரைக்கதை எழுத்தாளர்கள் சங்கம் வேலைநிறுத்தம் செய்தது. பெரிய தொடர்களுக்கு யாரும் எழுதக்கூடாது. ஆனால் கார்ட்டூன் கதைகள் சங்கத்தின் கட்டுப்பாட்டில் சேராதவை. கார்ட்டூனை யாரும் ஒரு பொருட்டாக மதிக்காததுதான் காரணம்! அந்த அலட்சியமே டோரதிக்கு வரமாயிற்று. சும்மா இருந்த பெரிய எழுத்தாளர்களையெல்லாம் அழைத்து எழுதச் சொன்னார். குழந்தைகளுக்காக என்று கதையைத் தண்ணீர் விட்டுக் கரைக்க வேண்டாம், பெரியவர்களுக்கு எழுதுவது போலவே எழுதுங்கள் என்பதுதான் அங்கே விதி. டேவிட் ஜெரால்ட் எழுதினார். விஞ்ஞானக் கதையுலகில் பெயர்பெற்ற லாரி நிவன் எழுதினார்.

1973-ஆம் வருஷம் செப்டம்பர் 8. பழைய தொடர் ஆரம்பித்துச் சரியாக ஏழு வருஷம். சித்திரத் தொடரின் முதல் கதை ஒளிபரப்பாயிற்று. அதை எழுதியவர் யார் தெரியுமா? ஸாமுவேல் பீப்பிள்ஸ்! பதின்மூன்று வருஷங்களுக்கு முன்னால் அவர் எழுதியதை டைப் அடித்துக் கொடுத்த பெண்ணின் மேஜைக்கு, இப்போது அவர் எழுதிய கதை திருத்தத்துக்கும் சம்மதத்துக்கும் வந்தது.

அடுத்த வாரம், செப்டம்பர் 15-ஆம் தேதி, டோரதியின் சொந்தக் கதை. இந்தத் தொடருக்கு அவர் எழுதியது இது ஒன்றுதான். மற்ற நேரமெல்லாம் பிறர் எழுத்தைச் சீர்படுத்தவே சரியாக இருந்தது.

கதையைச் சொல்லிவிடுகிறேன். காலத்தின் வாசல் வழியாகப் பழைய யுகத்தைப் பார்த்துவிட்டுத் திரும்பி வருகிறார் ஸ்பாக். கப்பலில் காப்டனைத் தவிர ஒருவருக்கும் அவரைத் தெரியவில்லை. விசாரித்தால், ஸ்பாக் என்ற பையன் ஏழு வயதிலேயே பாலைவனத்தில் இறந்துபோனதாகப் பதிவு இருக்கிறது. சின்ன வயதில் தம்மைக் காப்பாற்றிய தூரத்து உறவினர் ஒருவரை ஸ்பாக் நினைத்துப் பார்க்கிறார். அந்த உறவினர் வேறு யாருமில்லை, தாமேதான் என்று புரிகிறது. உடனே வல்கன் கிரகத்துக்கு, தம் சிறு வயதுக்கே போய், சொந்த வீட்டுக்குள் விருந்தாளியாக நுழைகிறார். அங்கே இளமையோடு தாயார் இருக்கிறாள். மிடுக்கோடு தகப்பனார் இருக்கிறார். "பாதி மனிதன்" என்று தெருப் பையன்கள் கேலி செய்ய, கண்ணீரை அடக்கிக்கொண்டு நிற்கிறான் ஏழு வயது ஸ்பாக். அவன் பக்கத்தில், இ-சாயா. தாயார் சொன்னாளே, அந்தக் கோரைப்பல் கரடி. இப்போது அதற்கு வயதாகிவிட்டது. ஒரு பல் உடைந்துவிட்டது. நடையும் தளர்ந்துவிட்டது.

வல்கன் பிள்ளைகள் ஒரு வயதில் பாலைவனத்தில் தனியாக இருந்து தங்கள் திறமையைக் காட்டவேண்டும். தேறுவோமா என்ற பயத்தில், பையன் யாருக்கும் சொல்லாமல் ஒத்திகைபோல இரவில் கிளம்பிவிடுகிறான். "போ, வீட்டுக்குப் போ" என்று விரட்டினாலும் கிழட்டு இ-சாயா பின்னாலேயே வருகிறது. வழியில் விஷ நகமுள்ள ஒரு துஷ்ட மிருகம் பையன் மேல் பாய, இ-சாயா குறுக்கே விழுந்து போராடுகிறது. பெரிய ஸ்பாக் வந்து துஷ்ட மிருகத்தை அடக்கிவிடுகிறார். ஆனால் விஷம் இ-சாயாவின் உடம்பில் ஏறிவிட்டது. பையன் இருட்டில் பாலைவனம் முழுவதும் ஓடி வைத்தியரை அழைத்து வருகிறான். வைத்தியர் பார்த்துவிட்டுச் சொல்கிறார்: காலம் கடந்துவிட்டது. உயிரை இன்னும் கொஞ்ச காலம் இழுத்துப் பிடிக்கலாம், ஆனால் வலியோடுதான் இருக்கும். அல்லது வலியில்லாமல் போகவிடலாம். நீதான் சொல்லவேண்டும், தம்பி.

பையன் சொல்கிறான். போகவிடச் சொல்கிறான்.

இந்த இடம்தான் டெலிவிஷன் கம்பெனிக்காரர்களுக்கு வயிற்றைக் கலக்கியது. அவர்கள் தயக்கம் நியாயமில்லாததும் அல்ல. ஆனால் டோரதி மாற்ற மறுத்தார். வீட்டில் வளர்க்கும் நாயும் பூனையும் ஒருநாள் போகத்தான் போகின்றன. குழந்தை அதை எப்படியும் பார்க்கத்தான் போகிறது. ராடன்பெர்ரி, கதை விஷயத்தில் கடைசி வார்த்தை தமக்கே என்று ஒப்பந்தத்தில் வாங்கி வைத்திருந்ததால், அவளை நம்புங்கள் என்று சொல்லிவிட்டார். கதை ஒரு காட்சியும் குறையாமல் வெளிவந்தது. பெற்றோர்களிடமிருந்து புகார்க் கடிதம் ஒன்றுகூட வரவில்லை என்று டோரதி பிற்பாடு சொல்லியிருக்கிறார்.

எனக்குப் பிடித்த இடம் அதற்கும் பிறகு வருகிறது. ஸ்பாக் தம் காலத்துக்குத் திரும்பி வந்ததும், எல்லாம் பழையபடி இருக்கிறதா என்று காப்டன் கேட்கிறார். ஒரு சின்ன மாறுதல், செல்லப் பிராணி ஒன்று இறந்துவிட்டது என்கிறார் ஸ்பாக். பழைய ஞாபகத்தில் அது அன்று சாகவில்லை! இதெல்லாம் காலப்போக்கில் ஒரு பொருட்டா என்கிறார் காப்டன். ஸ்பாக் அதை ஒப்புக்கொள்வதில்லை. குரலை உயர்த்தாமல் சொல்கிறார், அவ்வளவுதான். நிமாயின் குரலில் அதைக் கேட்கவேண்டும்.

முதல் வருஷம் பதினாறு கதைகள், மறு வருஷம் ஆறு. மொத்தம் 22 கதைகளோடு 1974 அக்டோபரில் தொடர் முடிந்தது. அந்த இரண்டாவது வருஷத்தில் டோரதி இல்லை. வேறு தொடர்களுக்கு எழுதப் போய்விட்டார். 1975-இல், குழந்தைகளுக்கான சிறந்த தொடர் என்று இதற்கு எம்மி பரிசு கிடைத்தது. நடிகர்கள் நேரில் நடித்த அந்தப் பெரிய தொடருக்குக் கிடைக்காத பரிசு, விறைப்பாகத் தலையைத் திருப்பும் கார்ட்டூனுக்குக் கிடைத்தது.

பிறகு டோரதி பல விஞ்ஞானத் தொடர்களில் கதை இலாகாவைக் கவனித்தார். நாவல் எழுதினார். 1987-இல் ஸ்டார் ட்ரெக்கின் புதிய தொடருக்கு முதல் கதையை ராடன்பெர்ரியோடு சேர்ந்து எழுதி, துணைத் தயாரிப்பாளராகவும் இருந்தார். மனஸ்தாபத்தில் சீக்கிரமே விலக நேர்ந்தது. அந்தக் கசப்பை இங்கே கிளறுவானேன்? பிற்காலத்தில் அமெரிக்கத் திரைப்படக் கழகத்தில் மாணவர்களுக்குத் திரைக்கதை போதித்தார். தாம் எழுதிய கதையைப் பிறர் அடையாளம் தெரியாமல் மாற்றிவிட்டால், அதில் தம் பெயரைப் போடச் சம்மதிக்க மாட்டார். "மைக்கேல் ரிச்சர்ட்ஸ்" என்றோ, "ஜே. மைக்கேல் பிங்காம்" என்றோ போட்டுக்கொள்ளச் சொல்லிவிடுவார். பெண் பெயர் என்று ஒரு காலத்தில் மறைத்தவர், நல்ல கதைக்கு மட்டுமே உரியது என்று அந்தப் பெயரைப் பிற்காலத்தில் காத்தார்.

கார்ட்டூன் தொடரில் நடந்ததெல்லாம் கணக்கில் சேராது என்று 1980-களின் கடைசியில் ஸ்டார் ட்ரெக் வட்டாரத்தில் ஒரு தீர்மானம் பிறந்தது. ஆனாலும் டோரதியின் கதையை அவர்களால் ஒதுக்க முடியவில்லை. ஸ்பாக்கைப் பள்ளிப் பையன்கள் கேலி செய்யும் காட்சி 2009-ஆம் வருஷத்துச் சினிமாவிலும் வந்தது. 2004-இல் வந்த ஒரு தொடரில் கோரைப்பல் கரடியே உயிரும் ரோமமுமாக நடந்து வந்தது.

டோரதி 2019-ஆம் வருஷம் டிசம்பர் 2-ஆம் தேதி, தம் எண்பதாவது வயதில் கலிபோர்னியாவில் காலமானார். அவருடைய அந்த இருபத்திரண்டு நிமிஷக் கதையை இன்றும் பார்க்கலாம். குழந்தைகளோடு உட்கார்ந்து பார்ப்பதாக இருந்தால், இ-சாயா தரையில் படுக்கும் சமயத்தில் அடுப்பில் பால் இருக்கிறது என்று எழுந்து போய்விடாதீர்கள். குழந்தைகள் உங்களிடம் ஏதாவது கேட்பார்கள்.